அப்பா பெயரில் ஒரு முகவரி

போலோன்யா, இத்தாலி
10 மார்ச் 2002

என் செல்லத் தங்கை லியூபாவுக்கு அக்கா தமாரா எழுதுவது.

உயிரோடும் சுகத்தோடும் இருக்கிறேன். நீயும் அப்பாவும் அப்படியே இருக்க ஆண்டவனை வேண்டிக்கொள்கிறேன்.

போன ஞாயிற்றுக்கிழமை கெனாதி நம் ஊரிலிருந்து வேனைக் கொண்டுவந்து ரயில் நிலையத்துக்குப் பின்னால் நிறுத்தினான். இங்கே வேலை செய்யும் நம் ஊர்ப் பெண்கள் எல்லாரும் அவனை மொய்த்துக்கொண்டோம். உன் பார்சல் பத்திரமாக வந்தது. சீஸைச் சுற்றியிருந்த துணியை நான் இன்னும் துவைக்கவில்லை. துவைத்தால் வீட்டு வாசனை போய்விடும். சிரிக்காதேடி.

நான் பார்த்துக்கொள்ளும் கிழவி இர்மாவுக்கு மறதி முற்றிக்கொண்டே போகிறது. காலையில் என்னைப் பார்த்து, "யாரு நீ? எங்க வீட்ல என்ன திருட வந்த?" என்று கத்துகிறாள். மத்தியானம் என் கையைப் பிடித்துக்கொண்டு விடமாட்டேன் என்கிறாள். பழகிவிட்டது.

அப்பாவுக்கென்று தனியாக எழுதிய கடிதங்களைக் கொடுத்தாயா? பிரித்தாரா? நான் கிளம்பிய அன்று கேட்டருகே நின்று அவர் சொன்னது இன்னும் காதிலேயே இருக்கிறது. "பிள்ளைங்களுக்குப் பாடம் சொல்லிக் குடுத்த கை. எவனோ ஒருத்தனோட அம்மாவுக்குப் பீ அள்ளப் போறியா? போ. ஆனா இன்னையோட உனக்கும் எனக்கும் பேச்சு கிடையாது." மூன்று வருஷமாகச் சொன்ன சொல்லைக் காப்பாற்றுகிறார். அண்டை வீட்டு போனில் கூப்பிட்டால், காது கேட்கவில்லை என்று சொல்லி எழுந்து போய்விடுகிறார். எனக்கு வேறு எதுவும் வேண்டாம், லியூபா. அவர் கண்ணை மூடுவதற்குள் என்னோடு ஒரு வார்த்தை பேசிவிட வேண்டும். நேரில் வந்து காலில் விழலாம் என்றால் இங்கே தங்குவதற்கான அரசாங்கக் காகிதம் என்னிடம் இல்லை. எல்லையைத் தாண்டினால் திரும்பி உள்ளே வர முடியாது.

இன்னொன்று. இர்மாவின் மகன் எஞ்சினியர். தன் பழைய கம்ப்யூட்டரை இந்த வீட்டில் வைத்து எனக்கு மின்னஞ்சல் கற்றுக்கொடுத்தார். முப்பது வருஷத்துக்கு முன்னால் அமெரிக்காவில் ஒருவன்தான் முதன்முதலாக இப்படி அனுப்பிப் பார்த்தானாம். எங்கிருந்து எங்கே தெரியுமா? ஒரே அறையில் பக்கத்துப் பக்கத்தில் இருந்த இரண்டு இயந்திரங்களுக்கு நடுவே! என்ன எழுதினான் என்பது அவனுக்கே நினைவில்லையாம். "எழுந்து போய் வாயால சொல்லியிருக்கலாமே, பைத்தியக்காரன்" என்றேன். சொன்ன பிறகு நம் வீடு நினைவுக்கு வந்தது. நான் கிளம்பும் வரை கடைசி வாரம் முழுக்க ஒரே அறையில் உட்கார்ந்துகொண்டு அப்பாவும் நானும் ஒரு வார்த்தை பேசவில்லையே.

நம் சொரோக்காவில் இன்டர்நெட் கிளப் திறந்திருப்பதாகக் கெனாதி சொன்னான். போய் ஒரு முகவரி வாங்கு.

உன் கன்னத்தில் முத்தங்களுடன்,
தமாரா

*

சொரோக்கா
2 ஏப்ரல் 2002

அன்பு அக்காவுக்கு,

நாங்கள் எல்லாரும் உயிரோடும் சுகத்தோடும் இருக்கிறோம். உனக்கும் அதே சுகம் கிடைக்கட்டும். நீ அனுப்பிய காப்பித்தூளுக்கும் அப்பாவின் மருந்துக்கும் நன்றி. காப்பித்தூளை ரொட்டிக் கடைக்குக் கொண்டுபோனேன். என்னோடு வேலை செய்கிறவள்கள் மோந்து மோந்தே பாதியைத் தீர்த்துவிட்டாள்கள்.

உள்ளதைச் சொல்கிறேன். அப்பா உன் கடிதங்களைப் பிரிக்கவில்லை. கிழிக்கவும் இல்லை. அலமாரி மேல் வைத்திருக்கிறார். மின்னஞ்சல் விஷயத்தைச் சொன்னேன்.

"அப்பா, அக்கா இனிமே கம்ப்யூட்டர்ல எழுதப் போறாளாம். ஒரு நிமிஷத்துல வந்துடுமாம்."

"கம்பியில வர்ற சேதி எதுவும் உருப்படற சேதி இல்ல. உங்கம்மா ஆஸ்பத்திரில செத்துப்போன சேதியும் தந்தியிலதான் வந்துச்சு."

"இது தந்தி இல்லப்பா."

"கம்பி கம்பிதான்." ரேடியோவின் சத்தத்தைக் கூட்டிவிட்டுத் திரும்பி உட்கார்ந்துகொண்டார். உனக்குத்தான் அவரைத் தெரியுமே.

கிளப்புக்குப் போனேன். நடத்துகிறவள் நெல்யா. முன்பு டெலிபோன் ஆபீசில் இருந்தாளே, அவள்தான். நகத்துக்குச் சாயம் பூசிக்கொண்டே, "யார் பேர்ல வேணும்?" என்றாள். என் பெயரில் ஏற்கெனவே உலகத்தில் எவளோ ஒருத்தி இருக்கிறாளாம். ஒரு எண்ணைச் சேர்த்துக்கொள் என்றாள். நான் என்ன கைதியா? அப்பா பெயரைக் கொடுத்தேன். செராஃபிம் கோஷுக் என்று உலகத்தில் ஒருத்தர்தான் இருக்கிறார், அவர் நம் வீட்டில் இருக்கிறார். முகவரியைத் தனித்தாளில் வைத்திருக்கிறேன். அப்பாவுக்கு இது தெரியாது. தெரிந்தால் என்னைத்தான் கம்பியில் ஏற்றுவார்.

மாஸ்கோவுக்கு வேலைக்குப் போன என் வீட்டுக்காரனிடமிருந்து ஒரு சேதியும் இல்லை. அதைப் பற்றி நீ கேட்க வேண்டாம், நானும் சொல்ல மாட்டேன்.

உடம்பைப் பார்த்துக்கொள்.
லியூபா

*

மின்னஞ்சல்
19 மே 2002

லியூபா, தங்கமே! வந்துவிட்டதடி! நான் காப்பியை அடுப்பில் வைத்துவிட்டு வந்து பார்த்தால் உன் மின்னஞ்சல் உட்கார்ந்திருக்கிறது. திரையில் "செராஃபிம் கோஷுக்" என்று பார்த்ததும் நாற்காலியைக்கூட இழுக்காமல் நின்றபடியே படித்தேன். அப்பாவே எழுதிவிட்டார் என்று நினைத்துவிட்டேன். பிறகுதான் முகவரி அவர் பெயரில் இருப்பது நினைவு வந்தது.

ஆனால் இது என்ன கூத்து? உயிரோடும் சுகத்தோடும் என்று ஆரம்பித்து, என்னை விசாரித்து, இர்மாவை விசாரித்து, இர்மாவின் மகனை, மருமகளை, அவர்கள் வீட்டு நாயை விசாரித்து, கடைசியில் "அப்பா நேற்று" என்பதோடு நின்றுவிட்டது. காசு கொடுத்த நேரம் முடிந்ததும் நெல்யா திரையை அணைத்துவிட்டாளா? மின்னஞ்சலில் இத்தனை மரியாதையெல்லாம் வேண்டாமாம். எஞ்சினியர் சொல்கிறார், நேராக விஷயத்துக்கு வந்துவிட வேண்டுமாம்.

அப்பா நேற்று என்ன? சீக்கிரம் சொல், எனக்கு இருப்புக் கொள்ளவில்லை.

நான் சுகம். நீ சுகமா? பார், என்னாலும் விட முடியவில்லை.

தமாரா

*

மின்னஞ்சல்
11 ஜூன் 2002

அக்கா,

சுகம். நீயும் சுகமாக இரு. பதில் எழுத நாளாகிவிட்டது. கடையில் ஆள் இல்லை, கிளப்பில் மின்சாரம் இல்லை, இரண்டும் இருந்தபோது எனக்கு மனசு இல்லை.

உன் மின்னஞ்சலை நெல்யா அச்செடுத்துக் கொடுத்தாள். அப்பாவுக்குக் கேட்கும்படி கத்திப் படித்தேன். தெரு முழுக்கக் கேட்டிருக்கும்.

அப்பா நேற்று என்று எழுதினேனே, அது ஒன்றுமில்லை. உன்னைப் பற்றிக் கேட்டார். "அவ ஒழுங்கா சாப்பிடுறாளா?" என்றார். அவ்வளவுதான்.

நேரம் முடியப் போகிறது.
லியூபா

*

மின்னஞ்சல்
4 ஆகஸ்ட் 2002

ஏய் டீச்சரம்மா, உங்கப்பன் பேசறேன்.

லியூபா தட்டுறா, நான் சொல்லிக்கிட்டு இருக்கேன். உன் பதில படிச்சுக் காட்டினா. நான் ஒத்த கேள்வி கேட்டதுக்கு ஊரக் கூட்டி அழுதியாமே? அழாத. எனக்கு அழுகைன்னா ஆகாதுன்னு உனக்குத் தெரியும்.

எனக்கு ஒண்ணும் கொறச்சல் இல்ல. முட்டி வலிக்குது, அது மழைக்கு வலிக்கும். திராட்சை இந்த வருஷம் நல்லா புடிச்சிருக்கு. பறவைங்க பாதி, நமக்குப் பாதி.

அன்னைக்குப் பேசினத மனசுல வெச்சுக்காத. கோவத்துல வந்தது. பள்ளிக்கூடத்துல சம்பளத்துக்குப் பதிலா சக்கரை மூட்டையக் குடுத்தா நீதான் என்ன பண்ணுவ? வயசான ஒருத்திய குளிப்பாட்டி சோறு ஊட்டுறது கேவலம் இல்ல. நான்தான் அப்படிப் பேசிட்டேன்.

ஒருநா பாரு, கெனாதி வண்டியில ஏறி நானே அங்க வந்து நிப்பேன். அந்தக் கிழவிக்குச் சீட்டாடத் தெரியுமான்னு கேட்டு வை.

அப்பா

*

மின்னஞ்சல்
15 செப்டம்பர் 2002

அப்பா, என் அப்பா,

நீங்கள் ஆகஸ்டில் எழுதியதை மடித்துச் சட்டைப்பையில் வைத்திருக்கிறேன். தாள் மடிப்பில் கிழிந்துபோய் இரண்டு தரம் புதிதாக அச்செடுத்தாயிற்று. இயந்திரத்தில் எல்லார் எழுத்தும் ஒரே முகமாக இருப்பதுதான் குறை. உங்கள் கையெழுத்தாக இருந்தால் நன்றாக இருக்கும். பரவாயில்லை, குரல் உங்களுடையதுதான். படிக்கும்போது கேட்கிறது.

இர்மாவுக்குச் சீட்டாடத் தெரியும். ஏமாற்றி ஆடுவாள். நீங்களும் அப்படித்தான், பொருத்தம்.

ஒரு சேதி. எங்களைப் போல வீட்டு வேலை செய்கிறவர்களுக்குக் காகிதம் கொடுக்க இங்கே சட்டம் வந்திருக்கிறது. இர்மாவின் மகன் எனக்காக மனு போட்டிருக்கிறார். கிடைத்தால் நம் ஊருக்கு வரலாம், போகலாம், கள்ளத்தனமாக ஒளிய வேண்டாம். ஆனால் கையில் கிடைக்கும் வரை நாட்டை விட்டு நகரக் கூடாது. நகர்ந்தால் மனு குப்பைக்குப் போகும், இங்கே நுழையவே முடியாது. வசந்தம் வரை ஆகுமாம்.

நீங்கள் என்ன சொல்கிறீர்கள்? காத்திருக்கட்டுமா? உங்களுக்கு உடம்பு முடியவில்லை, என்னைப் பார்க்க வேண்டும்போல் இருக்கிறது என்றால், "வா" என்று ஒரு வார்த்தை சொல்லுங்கள். காகிதமாவது மண்ணாவது, அடுத்த ஞாயிறு கெனாதி வண்டியில் ஏறிவிடுவேன். நிஜமாகச் சொல்கிறேன் அப்பா.

லியூபா, இதை அவருக்கு அப்படியே படித்துக் காட்டு. ஒரு வார்த்தையும் விடாதே.

உங்கள் தமாரா

*

மின்னஞ்சல்
12 அக்டோபர் 2002

தமாரா,

நல்லா இருக்கேன். அவசரப்பட்டு வராத. காகிதம் கையில வாங்கிக்கிட்டு அப்புறம் வா. நான் எங்கயும் ஓடிப் போகல. கல்லு மாதிரி இருக்கேன்.

குளிர் ஆரம்பிச்சிருச்சு. உடம்ப மூடிக்க.

அப்பா

*

சொரோக்கா
28 நவம்பர் 2002

அன்பு அக்காவுக்கு,

உயிரோடு இருக்கிறேன். நீ சுகமாக இருக்க வேண்டுகிறேன்.

இதைக் கையால் எழுதுகிறேன். கிளப்பில் உட்கார்ந்து தட்டப் பிடிக்கவில்லை. நெல்யா தோளுக்குப் பின்னால் நின்று பார்த்துக்கொண்டே இருக்கிறாள்.

கொஞ்ச நாளாக வீட்டில் ஆள் நடமாட்டம் அதிகம். பக்கத்து வீடுகளில் மேஜை, பெஞ்சு எல்லாம் வாங்கிப் போட்டுச் சமைத்தோம். முட்டைக்கோஸ் இலையில் சோறு வைத்துச் சுருட்டிச் சுருட்டி என் விரல் வீங்கிவிட்டது. நேற்றுத்தான் கடைசி மேஜையைத் திருப்பிக் கொடுத்தேன். இப்போது வீடு வெறிச்சென்று இருக்கிறது. ரேடியோவைப் போட்டால் அதிகச் சத்தமாக இருக்கிறது, அணைத்தால் அதைவிட மோசம்.

அக்கா, காகிதம் எப்போது வரும்? சரியாகக் கேட்டுச் சொல். வசந்தத்துக்குள் நிச்சயம் வருமா?

வேறென்ன எழுத? பனி பெய்கிறது.
லியூபா

*

மின்னஞ்சல்
12 ஜனவரி 2003

அப்பாவுக்கும் தங்கைக்கும் நம் பழைய நாட்காட்டிப்படி கிறிஸ்து பிறந்த நாள் வாழ்த்துகள்!

லியூபா, உன் கடிதம் கிடைத்தது. நவம்பர் கோயில் திருவிழாவுக்கு இந்த வருஷம் இத்தனை கூட்டமா? போன வருஷம் நாலு பேர்கூட வரவில்லை என்று புலம்பினாயே. இத்தனை பேருக்கு வடித்துக் கொட்ட அப்பா எப்படிச் சம்மதித்தார்? ஒயினைப் பூட்டி வைத்திருப்பாரே! நீ ரொம்பக் களைத்துப் போயிருக்கிறாய், எழுத்தே சொல்கிறது.

அப்பா, புத்தாண்டுக்கு நீங்கள் எழுதியதை இங்கே நம் ஊர்ப் பெண்கள் எல்லாருக்கும் படித்துக் காட்டினேன். பனியில் வழுக்கி விழுந்து, விழுந்த இடத்திலேயே உட்கார்ந்து பாட்டுப் பாடியதை எழுதியிருந்தீர்களே, வயிறு வலிக்கச் சிரித்தார்கள். பண்டிகை அன்று இங்குள்ள நம் கோயிலுக்குப் போனேன். மெழுகுவத்திக்குக் காசு போட்டு அம்மாவுக்காக ஒன்றைக் கீழே, இறந்தவர்களுக்கான மணல்தட்டில் வைத்தேன். உங்களுக்காக ஒன்றை மேலே, உயிரோடு இருக்கிறவர்களுக்கான தட்டில் வைத்தேன். பிறகு எல்லாரும் சேர்ந்து ஆடினோம். நான் சிவப்புப் பாவாடை கட்டியிருந்தேன். இங்கே வந்த பிறகு நான் ஆடியது இதுதான் முதல் தடவை. மனசு லேசாக இருந்தது, அப்பா.

ஒரே ஒரு ஆசை. அடுத்த பார்சலில் உங்கள் கையால் ஒரு வரி எழுதி அனுப்புங்கள். கை நடுங்கினாலும் பரவாயில்லை. பெயர் மட்டும் போதும்.

காகிதம் மார்ச்சிலோ ஏப்ரலிலோ வந்துவிடும்.

எல்லாரும் சுகமாக இருங்கள்.
தமாரா

*

போலோன்யா
10 பிப்ரவரி 2003

லியூபா,

நேற்று ஞாயிற்றுக்கிழமை. இங்கேயும் பனி கொட்டியது. நான் தாமதமாகத்தான் ரயில் நிலையத்துக்குப் பின்னால் போனேன். வேனுக்குப் பக்கத்தில் அப்பா நின்றுகொண்டிருந்தார்.

முதுகுதான் தெரிந்தது. அந்த ஆட்டுத்தோல் கோட்டு. இடது தோளில் கிழிந்த இடத்தை நான்தான் தைத்தேன், பழுப்பு நூல் கிடைக்காமல் நீல நூலில். "கம்யூனிஸ்டு காலத்துல மெடல் வாங்கினவன் தோள்ல நீல நூலா?" என்று அன்றைக்குச் சத்தம் போட்டாரே, அந்தக் கோட்டு. கெனாதி வண்டியில் ஏறி வந்து நிற்பேன் என்று எழுதியிருந்தாரே. வந்துவிட்டார் என்று நினைத்தேன். "அப்பா!" என்று கத்திக்கொண்டு ஓடினேன். கையில் இருந்த பையெல்லாம் எங்கே விழுந்தது என்று தெரியவில்லை. பின்னாலிருந்து கட்டிப்பிடித்துக்கொண்டேன்.

திரும்பியது கெனாதி.

தொப்பியைக் கழற்றினான். கோட்டையும் கழற்றி, அந்தப் பனியில் வெறும் சட்டையோடு, கையில் பிடித்துக்கொண்டு நின்றான். "லியூபா சொல்லக் கூடாதுன்னு சத்தியம் வாங்கிட்டாக்கா. நான் வாயே திறக்கல" என்றான். பாவம், அவன் வாயைத் திறக்கவில்லைதான். ஊர் முழுக்க வாயை மூடச் சொன்னாய். செத்தவர் பெயரில் தானமாக வாங்கிய கோட்டை என்ன செய்யச் சொன்னாய்? வாங்கினவன் போட்டுக்கொண்டுதானே ஆக வேண்டும், போடாவிட்டால் செத்தவருக்கு அங்கே குளிருமே. அதைப் பற்றி உங்களில் ஒருத்தருக்கும் தோன்றவில்லை. தோன்றியிருக்காது. எனக்கும் தோன்றியிருக்காது.

நவம்பர் பதினாலாம் தேதியாம். அந்த மேஜைகள் திருவிழாவுக்குப் போட்டவை இல்லை. நான் உன்னைக் கிண்டல் செய்து எழுதினேன்.

பனியில் வழுக்கி விழுந்து பாடியது யார், லியூபா? நான் அவர் மெழுகுவத்தியை உயிரோடு இருக்கிறவர்கள் தட்டில் வைத்தேன். அவர் மண்ணுக்குள் போய் நாற்பது நாள் தாண்டியிருக்கிறது, நான் சிவப்புப் பாவாடை கட்டி ஆடினேன். நாற்பதாம் நாள் சடங்குக்கு இங்கேயாவது ஒரு ரொட்டி கொடுத்திருப்பேனே. அதைக்கூட எனக்கு விட்டுவைக்கவில்லையே நீ.

செத்த பிறகு வந்தவை உன்னுடையவை. சரி. அதற்கு முன்னால் வந்தவை? ஆகஸ்டில் வந்தது? "ஒழுங்கா சாப்பிடுறாளா" என்று கேட்டது? அக்டோபரில் வந்தது? எது அவர் சொன்னது, எது நீ சொன்னது? உண்மையைச் சொல். கம்ப்யூட்டரில் வேண்டாம். கையால் எழுது. உன் கையெழுத்து பொய் சொன்னால் எனக்குத் தெரியும்.

தமாரா

*

சொரோக்கா
9 மார்ச் 2003

அக்கா,

சுகம் விசாரிக்க எனக்கு முகமில்லை. மூன்று தரம் எழுதி அடுப்பில் போட்டுவிட்டு இதை எழுதுகிறேன்.

"அப்பா நேற்று" என்பதற்குப் பிறகு நான் தட்ட இருந்தது இது: அப்பா நேற்று உன் பெயரைச் சொன்னதும் தட்டைத் தள்ளிவிட்டு எழுந்து போனார். அதைத் தட்டுவதற்குள் திரை அணைந்துவிட்டது. பிறகு நீ சீக்கிரம் சொல், சீக்கிரம் சொல் என்று எழுதினாய். அடுத்த தடவை அங்கே உட்கார்ந்தபோது கை வேறு எதையோ தட்டியது. ஒரு பொய், ஒரு வரி. நீ அதற்கு எப்படி அழுது பதில் எழுதினாய் என்று உனக்கே தெரியும். அதைப் படித்த பிறகு இல்லை என்று சொல்ல எனக்குத் துணிச்சல் இல்லை. காகிதத்தில் என்னால் இதைச் செய்திருக்க முடியாது. திரையில் அவர் பெயர் மேலே இருந்தது, எழுத்தெல்லாம் ஒரே மாதிரி இருந்தது, நானே சில சமயம் நம்பிவிட்டேன்.

ஆகஸ்டில் வந்தது முழுக்க நான். திராட்சை மட்டும் நிஜம். உன் மின்னஞ்சல்களை அவருக்குப் படித்துக் காட்டுவேன், அவர் சுவரைப் பார்த்துக்கொண்டு கேட்பார். ஒன்றும் சொல்ல மாட்டார். ஆனால் ரேடியோவைக் கூட்டுவதை நிறுத்திவிட்டார். அதையும் நான் உனக்கு எழுதவில்லை. நான் இட்டுக்கட்டியதற்கு முன்னால் அது சின்னதாகத் தெரிந்தது.

செப்டம்பர் கடைசியில் அவருக்குப் பக்கவாதம் வந்தது. வலது பக்கம் போயிற்று, வாய் கோணிற்று. டாக்டர் குளிர்காலத்தைத் தாண்ட மாட்டார் என்று சொல்லிவிட்டார். உனக்குச் சொன்னால் நீ வந்துவிடுவாய், வந்தால் திரும்பிப் போக முடியாது, இத்தனை வருஷம் பட்டதெல்லாம் வீண். ஊரில் எல்லாரிடமும் அப்படித்தான் சொன்னேன். எல்லாரும் "நீ செய்யறதுதான் சரி, லியூபா" என்றார்கள். அவர்கள் வீட்டுப் பெண்களும் அங்கேதானே இருக்கிறார்கள்.

அது பாதிதான். மீதியை இப்போது எழுதுகிறேன்.

நீ செப்டம்பரில் எழுதியதை அவருக்குப் படித்துக் காட்டினேன், படுக்கையருகே உட்கார்ந்து. நீ சொன்னபடி ஒரு வார்த்தையும் விடவில்லை. "வா" என்று சொன்னால் வந்துவிடுவேன் என்ற இடத்தில் அவர் என் மணிக்கட்டைப் பிடித்தார், நல்ல கையால். கோணிய வாயில் ஒரு சொல் வருவதற்கே நேரமாகும். நான் குனிந்தேன்.

"வரச் சொல்லு" என்றார்.

கேட்காத மாதிரி துணியை நனைத்து அவர் வாயைத் துடைத்தேன். மறுபடியும் சொன்னார். "தமாராவ வரச் சொல்லு." மறுநாளும் சொன்னார். நான் ரொட்டிக் கடையிலிருந்து வந்து கதவைத் திறக்கும்போதெல்லாம் எனக்குப் பின்னால் யாராவது வருகிறார்களா என்று பார்த்தார்.

உன் காகிதத்துக்காக மறைத்தேன் என்பது நிஜம். ஆனால் அக்கா, அவரைக் குளிப்பாட்டியது நான். அவருக்கு அடியில் விரித்ததை அள்ளியது நான். நீ போன நாளிலிருந்து அவர் எனக்கும் ஒரு நல்ல வார்த்தை சொன்னதில்லை. கடைசியில் வாய் திறந்து கேட்டது உன்னை. என்னால் தாங்க முடியவில்லை. கிளப்புக்குப் போய், அவசரப்பட்டு வராதே என்று தட்டினேன். அவரிடம் போய், "சொல்லிட்டேன்பா, வந்துக்கிட்டு இருக்கா" என்றேன்.

அவர் சொல்லாததையெல்லாம் உனக்கு எழுதினேன். சொன்ன ஒன்றை எழுதவில்லை.

நீ என்ன திட்டினாலும் வாங்கிக்கொள்கிறேன்.
லியூபா

*

போலோன்யா
6 ஏப்ரல் 2003

லியூபா,

உயிரோடு இருக்கிறேன்.

காகிதம் வந்துவிட்டது. என் படம் ஒட்டி, முத்திரை குத்திக் கொடுத்தார்கள். வாங்கிக்கொண்டு வெளியே வந்து படிக்கட்டில் உட்கார்ந்துவிட்டேன். அடுத்த வாரம் கெனாதி வண்டியில் வருகிறேன். இந்தக் கடிதம் எனக்கு முன்னால் வந்துவிடும்.

அவர் என்னை வரச் சொன்னார் என்பதை எனக்கு எழுதினாயே, அதற்காக உன் கையை முத்தமிட வேண்டும் போலிருக்கிறது. அதை எப்போது எழுதினாய் என்று நினைத்தால் அதே கையை ஒடிக்க வேண்டும் போலிருக்கிறது. இரண்டும் ஒரே நேரத்தில். இர்மா கிழவிகூட, "ஏன் அழற? உங்கப்பா வருவாரு, அழாத" என்கிறாள். அவளுக்கு யாரோ சொல்லியிருக்கிறார்கள், பாதி நினைவிருக்கிறது.

வண்டி நிற்கும் இடத்துக்கு நீ வர வேண்டாம். நான் முதலில் அவரிடம் போகிறேன். தனியாக. அவர் கதவைப் பார்த்துக்கொண்டே இருந்தார் என்று எழுதினாயே, அதற்கு நான் பதில் சொல்ல வேண்டும். எவ்வளவு நேரமாகும் என்று தெரியாது.

பிறகு வீட்டுக்கு வருவேன். போக எனக்கு வேறு வீடு இல்லை, உனக்கும் என்னைத் தவிர வேறு ஆள் இல்லை. கோழி சூப் வைத்திரு, வந்தால் சாப்பிடுவேன். உன்னோடு பேசுவேனா என்று தெரியவில்லை. நானும் அவர் பெற்ற பெண்தானே, லியூபா. பேசாமல் இருக்க எனக்கும் வரும்.

தமாரா